புராணத் தொடர்கள்: திரும்பத் திரும்பக் கேட்கப்படும் சந்தேகங்கள்

மகாபாரதத் தொடர் ஓடிக்கொண்டிருந்தால் விளம்பர இடைவேளையில் எனக்கு போன் வரும். பெரியம்மா கேட்பார், அத்தை மகன் கேட்பான், குடும்ப வாட்ஸப் குழுவில் யாராவது ஒரு காட்சியின் படத்தைப் போட்டு "இது உண்மையா?" என்பார்கள். ஒரே சந்தேகத்துக்குப் பத்துப் பேருக்குப் பத்துத் தடவை பதில் சொன்ன பிறகு, எல்லாவற்றையும் ஒரே இடத்தில் எழுதி வைத்துவிடலாம் என்று உட்கார்ந்தேன். கேள்விகளை அவர்கள் கேட்ட மாதிரியே போட்டிருக்கிறேன்.

மொத்தம் எத்தனை ராமாயணம், மகாபாரதம் டிவில வந்திருக்கு? எனக்கு எல்லாம் ஒண்ணோட ஒண்ணு குழம்புது.

நிறைய வந்திருக்கின்றன, ஆனால் நம் வீடுகளில் பேசப்படுவது நான்கைந்துதான். முதலாவது ராமானந்த் சாகரின் 'ராமாயண்'. 1987 ஜனவரி 25 அன்று தூர்தர்ஷனில் தொடங்கி 1988 ஜூலை 31 வரை ஞாயிறு காலைகளில் 78 பகுதிகள் ஓடியது. அருண் கோவில் ராமன், தீபிகா சிக்லியா சீதை, தாரா சிங் அனுமன், அரவிந்த் திரிவேதி ராவணன். அது முடிந்த இரண்டே மாதத்தில், 1988 அக்டோபர் 2 அன்று, பி.ஆர். சோப்ராவின் 'மகாபாரத்' வந்தது. 1990 ஜூன் வரை 94 பகுதிகள். காலமே கதை சொல்வதுபோல ஒரு குரல் பேசிக்கொண்டு வருமே, அந்தத் தொடர்தான். திரைக்கதையும் வசனமும் ராஹி மாசூம் ராசா.

இன்று இருபது, முப்பது வயதில் இருப்பவர்கள் மகாபாரதம் என்றதும் நினைப்பது 2013-இல் ஸ்டார் பிளஸில் தொடங்கிய தொடரை. அதுதான் விஜய் டிவியில் தமிழில் வந்தது. சௌரப் ராஜ் ஜெயின் கிருஷ்ணன், ஷாஹீர் ஷேக் அர்ஜுனன், பூஜா சர்மா திரௌபதி, 267 பகுதிகள். அதே வருடம் சன் டிவியில் தமிழிலேயே எடுத்த மகாபாரதம் ஒன்றும் ஓடியது. அப்புறம் 'சீதையின் ராமன்', 'ராதா கிருஷ்ணா' எல்லாம் இந்தியிலிருந்து வந்தவை. 2017-இல் தொடங்கிய 'தமிழ் கடவுள் முருகன்' இங்கேயே தமிழில் எடுத்தது.

87ல ஹிந்தி தெரியாம எப்படிப் பாத்தீங்க? சும்மா படம் பாத்தீங்களா?

எங்கள் தெருவில் அப்போது இரண்டு வீட்டில்தான் டிவி. ஞாயிறு ஒன்பது மணிக்கே எதிர்வீட்டுக் கூடம் நிரம்பிவிடும், பெரியவர்கள் செருப்பை வாசலிலேயே விட்டுவிட்டு குளித்துவிட்டுத்தான் வந்து உட்காருவார்கள். எங்கள் பாட்டிக்கு ஒரு வார்த்தை இந்தி தெரியாது. ஆனால் கதை முழுக்கத் தெரியும். டிவியில் தசரதன் பேச ஆரம்பிக்கும்போதே "இப்ப கைகேயி ரெண்டு வரம் கேப்பா பாரு" என்று எங்களுக்குச் சொல்லிக்கொண்டே வருவார். டிவியில் ஒரு ராமாயணம், பாட்டி வாயில் ஒரு ராமாயணம், இரண்டும் சேர்ந்து ஓடின. இரண்டும் ஒத்துப்போகாத இடங்களில் பாட்டி நிறுத்திவிட்டு முகத்தைச் சுளிப்பார். என்னுடைய சந்தேகங்கள் எல்லாம் அந்தச் சுளிப்பிலிருந்துதான் தொடங்கின.

சரி, சீரியல்ல வர்றதுதான் அசல் கதையா?

எந்தத் தொடரும் ஒரே ஒரு நூலை வைத்து எடுக்கப்பட்டதில்லை. சாகரின் ராமாயணமே வால்மீகி, துளசிதாசர், கம்பர் என்று பல ராமாயணங்களுக்கு நன்றி சொல்லித்தான் தொடங்கும். ஆனால் படமாக வந்தபோது அதன் மனசு துளசிதாசரின் ராமசரிதமானஸில்தான் இருந்தது. அது 16-ஆம் நூற்றாண்டு அவதி மொழி நூல். வடக்கே வீட்டுக்கு வீடு பாடுவது அதைத்தான், அதனால் அது இயல்பு.

"அசல்" என்று ஒன்றைக் கையில் எடுத்துக் காட்டுவதும் லேசில்லை. புனேயில் உள்ள பண்டார்கர் ஆய்வு நிறுவனம் 1919-இல் தொடங்கி 1966 வரை, 1,259 சுவடிகளை ஒப்பிட்டு வியாச பாரதத்துக்கு ஒரு பதிப்பு கொண்டுவந்தது. கிட்டத்தட்ட அரை நூற்றாண்டு வேலை! பல ஊர்ச் சுவடிகளுக்கும் பொதுவாக இருந்ததை மேலே வைத்தார்கள், ஓர் ஊரில் மட்டும் இருந்ததை அடிக்குறிப்பில் வைத்தார்கள். கீழே நான் "வியாசரில் இல்லை" என்று சொன்னால் பெரும்பாலும் அந்தப் பதிப்பை வைத்துத்தான் சொல்கிறேன். அதனால் "அசலா?" என்று கேட்பதைவிட "இது யார் சொன்ன கதை?" என்று கேட்டால் பதில் தெளிவாகக் கிடைக்கும்.

லட்சுமணன் கோடு போட்டது கம்பராமாயணத்துல எங்க வருது?

எங்கேயும் வராது. வால்மீகியிலும் அந்த இடத்தில் கோடு கிடையாது. மாரீசனின் குரல் கேட்டதும் சீதை கடுஞ்சொல் சொல்லி விரட்ட, வால்மீகியின் லட்சுமணன் "வனதேவதைகள் உங்களைக் காக்கட்டும்" என்று சொல்லிவிட்டு மனம் நொந்து போகிறான், அவ்வளவுதான். ராவணன் அவளைக் கையால் பற்றித் தூக்கிப்போகிறான். கம்பர் அதைச் சொல்லக் கூசினார். அவருடைய ராவணன் சீதையைத் தீண்டவே மாட்டான், "கீண்டான் நிலம்" என்கிறார், அதாவது பர்ணசாலை நின்ற மண்ணையே ஒரு யோசனை ஆழத்துக்குப் பிளந்து குடிசையோடு பெயர்த்து எடுத்துப்போகிறான். 87-இல் டிவியில் கோடு எரிந்தபோது பாட்டி "கோடா? எந்தக் கோடு? குடிசையோட இல்ல தூக்கிட்டுப் போனான்" என்றது இதனால்தான்.

கோடு துளசிதாசரில் உண்டு, ஆனால் ஆரணிய காண்டத்தில் இல்லை. ரொம்பத் தள்ளி, லங்கா காண்டத்தில், மண்டோதரி ராவணனைப் பார்த்துச் சொல்கிறாள்: ராமனின் தம்பி இழுத்த ஒரு சின்னக் கோட்டைக்கூட உங்களால் தாண்ட முடியவில்லை, இதுதான் உங்கள் வீரம். கவனித்தீர்களா, அங்கே கோடு ராவணனை வெட்கப்படுத்த வந்தது. தொடரில் சீதை கோட்டைத் தாண்டும் காலை நெருக்கமாகக் காட்டி, இசையை ஏற்றி, "தாண்டினாள், அதனால் வந்தது வினை" என்று ஆக்கிவிடுகிறார்கள். கடத்தியவன் மேல் இருந்த பழி கடத்தப்பட்டவள் மேல் போய்விட்டது. எனக்கு இதில் தீராத வருத்தம் உண்டு, கீழே இன்னொரு இடத்திலும் இதே சங்கதி வரும்.

ராமரும் சீதையும் கல்யாணத்துக்கு முன்னாடியே பாத்துக்கிட்டாங்களா இல்லையா?

வால்மீகியில் இல்லை. வில் ஒடிந்தது, தசரதனுக்கு ஆள் போனது, கல்யாணம். துளசிதாசரில் பூந்தோட்டத்தில் பார்த்துக்கொள்கிறார்கள், சீதை கௌரி பூஜைக்கு வந்த இடத்தில். இந்தித் தொடர்களில் வருவது அந்தத் தோட்டம். கம்பரில் தெருவும் கன்னிமாடமும். மிதிலை வீதியில் முனிவரோடு நடந்து போகிற ராமன் நிமிர்ந்து பார்க்கிறான், மேலே நிற்கிறவள் பார்க்கிறாள், "அண்ணலும் நோக்கினான் அவளும் நோக்கினாள்". தமிழில் யாராவது ராமாயணத் தொடர் எடுத்தால் இந்தத் தெருவை எடுங்கள் என்று கேட்டுக்கொள்கிறேன், தோட்டம் நிறையப் பார்த்துவிட்டோம்.

அகலிகை கல்லா மாறினாளா, மாறலையா? ஒரு சீரியல்ல ஒரு மாதிரி காட்டுறாங்க.

வால்மீகியில் கல் இல்லை. காற்றையே உணவாக உண்டு, சாம்பலில் கிடந்து, யார் கண்ணுக்கும் தெரியாமல் ஆசிரமத்தில் இரு என்பதுதான் சாபம். ராமன் வந்ததும் கண்ணுக்குத் தெரிகிறாள். கம்பரில் கல்லாகி, ராமன் பாதத் தூசு பட்டு எழுகிறாள். தாடகையைக் கொன்ற கையின் திறத்தை அங்கே கண்டேன், இந்தக் காலின் திறத்தை இங்கே கண்டேன் என்று விசுவாமித்திரர் வியப்பது அந்த இடம், "கைவண்ணம் அங்குக் கண்டேன், கால்வண்ணம் இங்குக் கண்டேன்."

அணில் பாலம் கட்ட உதவுனது யாரோ கட்டிவிட்ட கதைன்னு ஒருத்தர் சொல்றாரு. நிஜமா?

வால்மீகியிலும் கம்பரிலும் அணில் இல்லை என்பது சரி. ஆனால் யாரோ நேற்றுக் கட்டிவிட்டதும் இல்லை. தொண்டரடிப்பொடி ஆழ்வார் திருமாலையில் பாடியிருக்கிறார்: குரங்குகள் மலையைத் தள்ளிக்கொண்டு போக, தண்ணீரில் குளித்து, மணலில் புரண்டு, ஓடிப்போய்க் கடலை அடைக்கப் பார்த்த "சலமிலா அணிலும் போலேன்". சலமிலா என்றால் கள்ளமில்லாத. அந்த அணிலுக்கு இருந்த நல்ல மனசுகூட எனக்கு இல்லையே என்று ஆழ்வார் அழுகிறார். ஆயிரம் வருடத்துக்கும் மேல் பழைய பாட்டு. முதுகில் மூன்று கோடு என்பது அந்தப் பாசுரத்தில் இல்லை, அது நம் பாட்டிமார் சேர்த்தது.

சிவன் சீரியல்ல விநாயகர் முருகனை அண்ணான்னு கூப்பிடுறாரே! டப்பிங்ல தப்பா?

டப்பிங் தப்பு இல்லை. வடக்கே கார்த்திகேயன் மூத்தவர், கணேசர் இளையவர். சிவபுராணக் கதைப்படி யாருக்கு முதலில் கல்யாணம் என்ற போட்டியில் கணேசர் பெற்றோரைச் சுற்றி வந்து சித்தி, புத்தியை மணக்கிறார். உலகைச் சுற்றிவிட்டு வந்த கார்த்திகேயன் மனம் வருந்தி கிரௌஞ்ச மலைக்குப் போய்க் கடைசி வரை பிரம்மசாரியாகவே இருந்துவிடுகிறார்.

நமக்கு எல்லாமே தலைகீழ். போட்டி பழத்துக்கு, போன மலை பழனி, பிள்ளையார் தனியாளாக அரசமரத்தடியில், முருகனுக்கு இரண்டு மனைவி. அதுவும் வள்ளியை மணக்க உதவியதே அண்ணன்தான், யானையாக வந்து பயமுறுத்தி. திருப்புகழின் முதல் பாட்டே இதைத்தான் சொல்லி முடிகிறது: "அக்குற மகளுடன் அச்சிறு முருகனை அக்கண மணமருள் பெருமாளே." ஆகவே பிள்ளைகள் குழம்பினால், இரண்டு ஊரில் இரண்டு விதமாகச் சொல்வார்கள், நம் வீட்டில் பிள்ளையார்தான் மூத்தவர் என்று சொல்லிக்கொடுங்கள்.

மாதாஸ்ரீ, பிதாஸ்ரீ, மாமாஸ்ரீ... தமிழ்ல யாரு இப்படிப் பேசுவா?

யாரும் பேச மாட்டார்கள். சோப்ராவின் மகாபாரதத்தில் பிரபலமான கூப்பிடு முறை அது, பின்னால் வந்த தொடர்கள் எல்லாம் எடுத்துக்கொண்டன. டப்பிங்கில் உதடு அசைவுக்கு ஏற்ற நீளத்தில் சொல் வேண்டும். "மாதாஸ்ரீ" என்று வாய் திறந்து மூடுகிற இடத்தில் "அம்மா" என்று வைத்தால் வாய் மட்டும் தனியாக அசைந்துகொண்டிருக்கும். அதனால் அப்படியே விட்டுவிடுகிறார்கள். "அன்னையே", "எந்தையே", "மாமனே" என்று கொஞ்சம் முயன்றால் பொருந்தும். கம்பர் "எம்பி" என்ற ஒரு சொல்லில் என் தம்பி என்பதை எவ்வளவு பாசமாகச் சொல்கிறார்! அப்படி ஒன்றிரண்டு நல்ல டப்பிங்கில் வந்து விழும்போது காதுக்குக் குளிர்ச்சியாக இருக்கிறது.

ஒரு அம்பு விட்டா அது போய்ச் சேர ஒரு எபிசோடு ஆகுது. ஏன் இப்படி இழுக்கிறாங்க?

வாரம் ஒரு நாள் வந்த தொடரையும் தினசரித் தொடரையும் ஒப்பிட்டுப் பாருங்கள். சோப்ராவின் ஒரு பகுதி சுமார் முக்கால் மணி நேரம், 94 பகுதி. 2013 தொடரின் ஒரு பகுதி விளம்பரம் போக சுமார் இருபது நிமிடம், 267 பகுதி. மொத்த நேரத்தைக் கணக்குப் போட்டால் பெரிய வித்தியாசம் இல்லை, பழையது எழுபது மணி நேரம், புதியது தொண்ணூறுக்கு உள்ளே. இழுப்பதுபோலத் தெரிவதற்குக் காரணம் வெட்டுகிற இடங்கள். இருபது நிமிடத்துக்கு ஒரு தடவை நாளைக்கு வரவழைக்க ஒரு கொக்கி வேண்டும், அதனால் அம்பு பாதி வழியில் நிற்கிறது, மறுநாள் முன்கதையில் அதே அம்பு மறுபடி கிளம்புகிறது, நடுவில் எட்டுப் பேர் முகத்தை மும்மூன்று தடவை காட்டுகிறார்கள். ஒரு வாரத்துப் பகுதிகளைச் சேர்த்து உட்கார்ந்து பாருங்கள், நன்றாகவே ஓடும்.

பாஞ்சாலி சிரிச்சதாலதானே பாரதப் போரே வந்துச்சு?

இந்தக் கேள்விக்கு மட்டும் நான் பொறுமையாகப் பதில் சொல்ல முயல்கிறேன், ஏனென்றால் ரொம்பப் பேர் இதைக் கேள்வியாகக் கேட்பதில்லை, முடிவாகவே சொல்கிறார்கள். தொடரில் துரியோதனன் மாய மாளிகையில் தண்ணீரில் விழ, மேலிருந்து திரௌபதி சிரித்து "குருடன் மகனும் குருடன்" என்கிறாள். வியாசரில் அந்த வசனம் இல்லை. அவன் விழும் காட்சியில் சிரிப்பதாகச் சொல்லப்படுவது பீமனும் மற்ற தம்பிமாரும் வேலைக்காரர்களும்தான். பின்னால் அஸ்தினாபுரம் போய் அப்பாவிடம் புலம்பும்போது துரியோதனன் தன் வாயால் "கிருஷ்ணனும் அர்ஜுனனும் சிரித்தார்கள், திரௌபதியும் பெண்களோடு சேர்ந்து சிரித்தாள்" என்கிறான். அது பொறாமையில் வெந்துகொண்டிருக்கிறவன் சொன்ன கணக்கு.

அப்படியே அவள் சிரித்திருந்தாலும்தான் என்ன? பீமனுக்கு விஷம் வைத்தது எப்போது, அரக்கு மாளிகைக்குத் தீ வைத்தது எப்போது? அப்போது அவள் கல்யாணம்கூட ஆகி வரவில்லை. சபையில் அவளை இழுத்து வந்தவர்களின் குற்றத்துக்கு அவள் சிரிப்பைக் காரணம் காட்டுவது, மேலே சொன்ன கோட்டுக் கதை மாதிரியேதான். பழி இடம் மாறுகிறது.

அப்போ கூந்தலை முடிய மாட்டேன்னு சபதம் போட்டதும் இல்லையா?

வியாசரில் துச்சாதனன் ரத்தத்தைக் குடிப்பேன், துரியோதனன் தொடையைப் பிளப்பேன் என்று சபதம் செய்வது பீமன். திரௌபதி பின்னால், கிருஷ்ணன் தூது போகும் முன், தன் கூந்தலைக் கையில் பிடித்துக் காட்டி, சமாதானம் பேசும்போது இதை மறந்துவிடாதே என்கிறாள். அந்தக் காட்சியே நெஞ்சை அறுக்கும். ரத்தம் பூசிக் கூந்தல் முடிவது பட்ட நாராயணரின் வடமொழி நாடகத்திலும், நம் தெருக்கூத்திலும், பாரதியின் பாஞ்சாலி சபதத்திலும் உண்டு: "பாவி துச்சாதனன் செந்நீர், அந்தப் பாழ்த் துரியோதனன் ஆக்கை இரத்தம், மேவி இரண்டும் கலந்து..."

வட ஆர்க்காட்டுப் பக்கம் ஒரு திரௌபதி அம்மன் திருவிழாவில் படுகளம், அதாவது துரியோதனன் சாவை நடித்துக் காட்டும் சடங்கு, பார்த்திருக்கிறேன். ஊருக்கு வெளியே வெட்டவெளியில் மண்ணால் செய்த துரியோதனன் மல்லாந்து கிடக்கிறான், ஒரு வீட்டு நீளத்துக்கு, கண்ணைத் திறந்து கொண்டு. கூத்தாடிய பீமன் கதாயுதத்தோடு அவன் மேலேயே ஏறி ஓடுகிறான். தொடையில் புதைத்து வைத்த செந்நீர் உடைந்ததும் பக்கத்தில் நின்ற அம்மாக்கள் எல்லாம் அழுதார்கள், அவிழ்ந்த கூந்தலோடு நின்ற அம்மனுக்கு முடிந்து பூ வைத்தார்கள். எத்தனை கோடி செலவழித்த கணினி வரைகலையிலும் எனக்கு அந்த நடுக்கம் வரவில்லை.

(சேலையை நீட்டியது கிருஷ்ணனா என்றும் கேட்பார்கள். தென்னாட்டுச் சுவடிகளில் அவள் கோவிந்தனைக் கூவி அழைக்கிறாள். புனே பதிப்பில் அந்த அழைப்பு இல்லை, சேலை வந்துகொண்டே இருக்கிறது, அவ்வளவுதான்.)

"எடுக்கவோ கோக்கவோ" சீன் ஏன் ஹிந்தி மகாபாரதத்துல இல்ல?

ஏனென்றால் அது தமிழில் பாரதம் பாடிய வில்லிபுத்தூரார் (சுருக்கமாக வில்லி) நமக்குக் கொடுத்தது, வியாசரில் இல்லை. துரியோதனன் மனைவியோடு கர்ணன் தனியே சொக்கட்டான் ஆடிக்கொண்டிருக்கிறான், அவள் எழும்போது அவன் இழுக்க, மேகலை அறுந்து மணிகள் சிதறுகின்றன. அந்த நேரம் உள்ளே வந்த துரியோதனன் கேட்டது ஒன்றே ஒன்றுதான், நான் மணிகளை எடுத்துத் தரவா, கோத்துத் தரவா? கர்ணன் இதைக் குந்தியிடம் சொல்கிறான், நீ பெற்ற தாய் என்று வந்து அழைத்தாலும் நான் ஏன் அவனை விட்டு வர மாட்டேன் என்பதற்கு. செஞ்சோற்றுக் கடன் என்ற சொல்லும் அந்தப் பாட்டில்தான் வருகிறது. துரியோதனனுக்குள் இப்படி ஒரு மனுஷன் இருந்தான் என்று காட்ட இதைவிட நல்ல காட்சி எனக்குத் தெரியவில்லை.

கர்ணன் சாகும்போது புண்ணியத்தைத் தானம் பண்ணுறதும் அப்படித்தானா?

அதுவும் வில்லிபுத்தூரார்தான். வியாசரில் கர்ணனின் முடிவு மிகச் சடுதி: தேர்ச்சக்கரம் புதைகிறது, தர்மப்படி கொஞ்சம் பொறு என்கிறான், சபையில் திரௌபதியை இழுத்தபோது உன் தர்மம் எங்கே போனது என்று கிருஷ்ணன் கேட்கிறான், அர்ஜுனன் அம்பு தலையை அறுக்கிறது. வில்லியில் கிருஷ்ணன் வேதியனாக வந்து செய்த புண்ணியம் எல்லாவற்றையும் யாசிக்க, தாரை வார்க்கத் தண்ணீர் இல்லாமல் தன் ரத்தத்தாலேயே வார்த்துக் கொடுக்கிறான். வரம் கேள் என்றதும், இனி எத்தனை பிறவி எடுத்தாலும் "இல்லை என்று இரப்போர்க்கு இல்லை என்று உரையா இதயம் நீ அளித்தருள்" என்கிறான். 1964-இல் வந்த 'கர்ணன்' படத்தில் சிவாஜி இந்தக் காட்சியில் நடித்ததைப் பார்த்து வளர்ந்தவர்களுக்கு வடக்குத் தொடரில் அது இல்லாமல் போனால் ஏதோ திருடுபோன மாதிரிதான் இருக்கும். வடக்கே அந்த இடத்தில் கர்ணன் தன் தங்கப் பல்லை உடைத்துக் கொடுக்கும் கதை சொல்வார்கள்.

அப்படின்னா கர்ணன்தான் அர்ஜுனனைவிடப் பெரிய வீரன், சூழ்ச்சியிலதான் தோத்தான். சரிதானே?

கர்ணன் மேல் உள்ள அன்பை நான் குறைக்க விரும்பவில்லை, அது மேலே இரண்டு பதிலிலும் தெரிந்திருக்கும். ஆனால் தொடர்கள் அவசரமாகக் கடந்துபோகிற இரண்டு இடங்களைப் பாருங்கள். காட்டில் பாண்டவரைக் கேலி செய்யப்போன துரியோதனனைக் கந்தர்வர்கள் சிறைபிடிக்கும்போது கர்ணன் தேரிழந்து களத்தைவிட்டு ஓடுகிறான், மீட்டு வருவது பீமனும் அர்ஜுனனும். விராட நாட்டில் மாடு கவர வந்த படையை அர்ஜுனன் தனி ஆளாக விரட்டுகிறான், அதில் கர்ணனும் உண்டு. இந்த இரண்டு இடத்திலும் கிருஷ்ணன் பக்கத்திலேயே இல்லை.

இன்னொன்று, சுயம்வரத்தில் "தேரோட்டி மகனை மணக்க மாட்டேன்" என்று திரௌபதி தடுத்தது சில சுவடிகளில் மட்டும் உண்டு, புனே பதிப்பில் மேலே இடம்பெறவில்லை. அவமானப்பட்டதால்தான் சபையில் அவளைப் பற்றி இழிவாகப் பேசினான் என்று அவனுக்காக வாதாடுகிறவர்கள் இதைக் கொஞ்சம் யோசிக்க வேண்டும்.

சகுனி தாயம் அவங்க அப்பா எலும்பு, அபிமன்யு வயித்துக்குள்ளயே சக்கரவியூகம் கேட்டான், காந்தாரி பார்வையில துரியோதனன் உடம்பு இரும்பாச்சு. இதெல்லாம்?

மூன்றுமே வியாசரில் இல்லை. சகுனியின் சகோதரர்கள் போர்க்களத்தில் உயிரோடு நின்று சண்டை போடுகிறார்கள், சிறையில் பட்டினி கிடந்து செத்த குடும்பம் அங்கே இல்லை. அபிமன்யு "உள்ளே போக அப்பா சொல்லிக்கொடுத்திருக்கிறார், வெளியே வரத் தெரியாது" என்றுதான் தருமரிடம் சொல்கிறான். எல்லாம் வாய்வழிக் கதைகள், அழகான கதைகள்.

ராதை மகாபாரதத்துல எந்த இடத்துல வருவா?

வர மாட்டாள். பாரதத்தில் கிருஷ்ணனே முதல் தடவை தலைகாட்டுவது திரௌபதி சுயம்வரத்தில், வளர்ந்த ஆளாக. கோகுலத்துக் கதைகள் ஹரிவம்சத்திலும் பாகவதத்திலும் இருக்கின்றன, பாகவதத்திலும் ராதை என்ற பெயர் சொல்லப்படவில்லை. 12-ஆம் நூற்றாண்டில் ஜெயதேவர் பாடிய கீதகோவிந்தம் வழியாகத்தான் அவள் நாடு முழுக்கப் பரவினாள். நம்மிடம் அந்த இடத்தில் இருந்தவள் நப்பின்னை. சிலப்பதிகாரத்து ஆய்ச்சியர் குரவையில் வருகிறாள், ஆண்டாள் மார்கழியில் "நந்தகோபாலன் மருமகளே நப்பின்னாய்" என்று கதவைத் தட்டுகிறாள். ஏழு காளைகளை அடக்கி அவளைக் கைப்பிடித்தான் கண்ணன். ஒரு நாள் அவளுக்கும் ஒரு தொடர் வர வேண்டும் என்று ஆசை.

அரவான் கதையை ஏன் யாருமே காட்டுறதில்ல?

வியாசரில் அவன் போரில் எட்டாம் நாள் அலம்புசன் கையில் மடிகிறவன், உலூபிக்கும் அர்ஜுனனுக்கும் பிறந்தவன். போருக்கு முன் களப்பலி ஆவது தமிழ் வழக்கு, வில்லியிலும் உண்டு. சாகுமுன் ஒரு நாள் மணவாழ்க்கை கேட்க, கிருஷ்ணனே மோகினியாகி மணப்பதும், மறுநாள் தாலி அறுப்பதும் கூவாகத்தில் ஒவ்வொரு சித்திரையிலும் திருநங்கைகள் கூடி வாழ்ந்து காட்டுகிற கதை. மும்பையில் எழுதும் குழுவுக்கு இது எட்டவில்லை என்றால் புரிந்துகொள்ளலாம். தமிழில் எழுதுகிறவர்கள் விட்டுவிடக் கூடாது.

ராமர் சீதையைக் காட்டுக்கு அனுப்பினதை 87 ராமாயணத்துல மறைச்சுட்டாங்களா?

அந்தத் தொடர் பட்டாபிஷேகத்தோடு முடிந்தது. கம்பரும் அங்கேதான் முடித்தார். தமிழில் உத்தர காண்டத்தைப் பாடியவர் ஒட்டக்கூத்தர் என்பது மரபு. ஆனால் டிவியில் முடித்தபோது வடக்கே எதிர்ப்பு வந்தது. வால்மீகியைத் தங்கள் குருவாக வணங்கும் துப்புரவுத் தொழிலாளர்கள், வால்மீகியே சீதைக்கு அடைக்கலம் கொடுக்கிற பகுதியை விட்டுவிட்டால் எப்படி என்று வேலைநிறுத்தம் செய்தார்கள். அப்புறம்தான் லவ-குசர் கதை தனித் தொடராக வந்தது. ஒரு சமூகம் கதையில் தனக்கு உரிய பக்கத்தை விடாமல் கேட்டு வாங்கியது என்பதை நினைத்தால் எனக்கு மெய்சிலிர்க்கும்.

நீங்க சொல்றதைப் பாத்தா எல்லாருமே மாத்தியிருக்காங்க. அப்ப சீரியல்காரங்க மாத்துனா மட்டும் ஏன் குறை சொல்றீங்க?

மாற்றுவதைக் குறை சொல்லவில்லை. கம்பர் மாற்றினார், வில்லி மாற்றினார், ஆழ்வார் ஓர் அணிலையே கொண்டுவந்தார். நான் பார்ப்பது ஒன்றைத்தான், மாற்றிய பிறகு பழி யார் தலையில் விழுகிறது, இரக்கம் யார் பக்கம் போகிறது. புண்ணியத்தைத் தானம் செய்யும் கர்ணனும், மணி கோக்கக் கேட்ட துரியோதனனும் நம் மனசை விரிக்கிறார்கள். கோட்டைத் தாண்டிய சீதையும், சிரித்த திரௌபதியும் கெடுதல் செய்தவனுக்குச் சாக்குத் தேடித் தருகிறார்கள். இரண்டாவது வகையைப் பார்க்கும்போது, பக்கத்தில் பிள்ளைகள் உட்கார்ந்திருந்தால் "அப்படி இல்லடா கண்ணா, கதையில் வேறு மாதிரி" என்று வாய்விட்டுச் சொல்லுங்கள். எங்கள் பாட்டி அதைத்தான் செய்தார்.

சீரியல் முடிஞ்சிருச்சு. அடுத்து எதைப் படிக்கிறது, எங்க பாக்கிறது?

லேசாகத் தொடங்க, பாரதத்துக்கு ராஜாஜியின் வியாசர் விருந்தும் ராமாயணத்துக்கு அவருடைய சக்கரவர்த்தித் திருமகனும் போதும், எட்டு வயதுப் பிள்ளைக்கும் வாசித்துக் காட்டலாம். அப்புறம் கம்பரில் சுந்தர காண்டத்தை உரையோடு எடுங்கள், பால காண்டத்திலிருந்து தொடங்கினால் நாட்டு வருணனையிலேயே பலர் நின்றுவிடுகிறார்கள். வில்லி அதைவிட வேகமாக ஓடும்.

பார்க்க வேண்டுமென்றால் கோடை மாதங்களில் திருவண்ணாமலை, காஞ்சிபுரம் பக்கத்துக் கிராமங்களில் திரௌபதி அம்மன் கோயில் திருவிழா எங்கே என்று விசாரியுங்கள். பகலில் பாரதப் பிரசங்கம், ராத்திரி கூத்து. கூத்து இரவு பத்து மணிக்கு மேல்தான் சூடுபிடிக்கும், விடிய விடிய நடக்கும், ஒரு பாயும் போர்வையும் எடுத்துக்கொண்டு போங்கள்.